கையில் கோர்ட் ஆர்டர் இருக்கு, கதவு மட்டும் திறக்கலை. ஸ்டேஷனில் என்ன கேட்கணும்?

வைகைக்கரை (கேள்வி)

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் அக்காவுக்குக் கல்யாணமாகி ஒன்பது வருடம், மகளுக்கு ஏழு வயது. மதுரையில் மாமியார் பெயரில் இருக்கும் மாடி வீட்டில் கீழ் போர்ஷனில் குடியிருந்தார்கள். அவரை மச்சான் என்று எழுத இப்போது கை வரவில்லை, அதனால் அக்கா வீட்டுக்காரர் என்றே எழுதுகிறேன். குடி, சந்தேகம், அடி, அதெல்லாம் பழைய கதை. நான்கு மாதத்துக்கு முன்னால் ஒரு ராத்திரி அக்காவையும் பிள்ளையையும் வெளியே தள்ளிக் கதவைச் சாத்திவிட்டார். போட்டிருந்த நைட்டிக்கு மேல் துண்டைப் போர்த்திக்கொண்டு ஆட்டோவில் எங்கள் வீட்டுக்கு வந்தாள்.

மகளிர் ஸ்டேஷனில் புகார் கொடுத்தோம். மனு ரசீது கொடுத்தார்கள், எஃப்ஐஆர் போடவில்லை. மூன்று முறை கூப்பிட்டார்கள், இரண்டு முறை அவர் வரவே இல்லை. மூன்றாவது முறை ஊர்ப் பெரிய மனிதர் ஒருவரோடு வந்து, இனிமேல் ஒற்றுமையாக வாழ்கிறோம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அந்த ஒற்றுமை ஒன்பது நாள் இருந்தது.

அப்புறம் இலவச சட்ட உதவியில் ஒரு வக்கீலம்மாவை வைத்து மாஜிஸ்திரேட் கோர்ட்டில் டி.வி. ஆக்ட் (குடும்ப வன்முறைச் சட்டம்) கேஸ் போட்டு இடைக்கால உத்தரவு வாங்கினோம். அக்கா அந்த வீட்டில் குடியிருப்பதைத் தடுக்கக் கூடாது, அடிக்கக் கூடாது என்று தெளிவாக இருக்கிறது. எல்லாம் முடிந்தது என்று நினைத்துப் போன திங்கட்கிழமை ஒரு பெட்டி, பிள்ளையின் ஸ்கூல் பை சகிதம் போய் இறங்கினோம். கேட்டில் புதுப் பூட்டு. விலை ஸ்டிக்கர்கூடக் கிழிக்கவில்லை. மாடியில் டிவி ஓடுகிற சத்தம் கேட்கிறது, ஜன்னல் திரையும் அசைகிறது, கூப்பிட்டால் பதில் இல்லை. பிள்ளை கேட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு "என் டிராயிங் நோட்டு உள்ளே இருக்கு மாமா" என்று என்னிடம் சொல்கிறது.

ஸ்டேஷனுக்குப் போனோம். எஸ்ஐ உத்தரவை முன்பக்கம், பின்பக்கம் என்று திருப்பிப் பார்த்துவிட்டு, "இதுல எங்க ஸ்டேஷன் பேரு எங்கம்மா இருக்கு? இது உங்களுக்கும் அவருக்கும் உள்ள சிவில் மேட்டர். போலீஸ் பாதுகாப்பு வேணும்னா ஹைகோர்ட்ல வாங்கிட்டு வாங்க" என்று சொல்லிவிட்டார். மரியாதையாகத்தான் பேசினார், அதையும் சொல்லிவிட வேண்டும்.

எனக்குப் புரியாதது இதுதான். கோர்ட் சொன்ன பிறகும் போலீஸ் வர மாட்டேன் என்றால் அந்தக் காகிதத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது? உண்மையிலேயே ஹைகோர்ட் போக வேண்டுமா? பூட்டை நாங்களே உடைத்தால் தப்பா? எங்கள் வக்கீலம்மா ஊரில் இல்லை, அடுத்த வாரம்தான் வருகிறார்.

மஞ்சப்பை

பூட்டு, சாவி என்று ஏன் அலைகிறீர்கள்? வரதட்சணைக் கொடுமை கேஸ் ஒன்றைத் தட்டிவிடுங்கள், மாமியாரையும் சேர்த்து. ஒரு ராத்திரி உள்ளே இருந்தால் பூட்டு தானாகத் திறக்கும். எங்கள் தெருவில் அப்படித்தான் நடந்தது.

கறுப்புக்கோட்டு

மஞ்சப்பை சொல்வது பத்து வருடத்துக்கு முந்திய சங்கதி. 2014-ல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன பிறகு, மனைவியைக் கொடுமைப்படுத்துவதற்கான 498ஏ பிரிவில் புகார் வந்ததுமே தூக்கி உள்ளே வைக்கிற வேலை நடப்பதில்லை. முதலில் நோட்டீஸ், கைது செய்தால் ஏன் என்று எழுத்தில் காரணம் காட்ட வேண்டும். 2024 ஜூலை 1-லிருந்து அந்தப் பிரிவே புதுக் குற்றவியல் சட்டமான பிஎன்எஸ்-இல் 85 ஆகிவிட்டது. கொடுமை நடந்திருந்தால் அந்தப் புகாரும் கொடுக்கலாம், அது உங்கள் அக்காவின் உரிமை. ஆனால் பூட்டைத் திறக்கும் சாவியாக அதைப் போடாதீர்கள். நடக்காததை எழுதி மாமியாரை இழுத்தால் குறுக்கு விசாரணையில் அதுவே உண்மையான புகாரையும் கெடுத்துவிடும்.

சரி, உங்கள் விஷயத்துக்கு வருகிறேன். எஸ்ஐ கேட்டது எரிச்சலாக இருந்தாலும், உங்கள் உத்தரவில் குறை அங்கேதான் இருக்கிறது. 2005-ஆம் வருடக் குடும்ப வன்முறைச் சட்டத்தில் 19-வது பிரிவு குடியிருப்பு உத்தரவுக்கானது. அதில் 5-வது உட்பிரிவை எடுத்துப் பாருங்கள். குடியிருப்பு உத்தரவு போடும்போதே, பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷன் பொறுப்பு அதிகாரி இந்தப் பெண்ணுக்குப் பாதுகாப்புக் கொடுக்க வேண்டும், உத்தரவை நடைமுறைப்படுத்த உதவ வேண்டும் என்று மாஜிஸ்திரேட்டே சொல்லலாம். ஹைகோர்ட் வேண்டியதில்லை. ஆனால் "சொல்லலாம்" என்றுதான் சட்டத்தில் இருக்கிறது, கேட்டால்தான் கிடைக்கும். மனுவில் அந்த வரியைக் கேட்காமல் விட்டிருப்பார்கள். இது அடிக்கடி நடக்கிற தவறு, நானே ஆரம்பத்தில் இரண்டு கேஸில் விட்டிருக்கிறேன்.

அதனால் அதே கேஸில் ஒரு சிறு மனு போடச் சொல்லுங்கள். 19(5)-இன் கீழ் இன்ன ஸ்டேஷன் ஆய்வாளர் என்று பெயரிட்டு உதவி கேளுங்கள். பூட்டியிருந்தால் போலீஸ் முன்னிலையில் பூட்டைத் திறக்கவோ உடைக்கவோ அனுமதி வேண்டும் என்று அதையும் தனி வரியாகவே கேளுங்கள். பாதுகாப்பு அலுவலரும் (இந்தச் சட்டப்படி பாதிக்கப்பட்ட பெண்களுக்கு உதவ நியமிக்கப்பட்டவர்) கூட வர உத்தரவிடும்படி சேர்த்துக்கொள்ளுங்கள். மாஜிஸ்திரேட் எழுத்தில் பணித்தால், வீட்டையும் நகை, சாமான்களையும் மீட்டுத் தருவது அவருடைய கடமை என்று இந்தச் சட்டத்தின் 2006 விதிகளிலேயே இருக்கிறது. மதுரை என்றால் மாவட்டச் சமூக நல அலுவலகத்தில் விசாரியுங்கள்.

நீங்களாகப் பூட்டை உடைக்காதீர்கள். மறுநாள் அத்துமீறி நுழைந்தார்கள், பீரோவில் இருந்த நகையைக் காணோம் என்று உங்கள் மேல் ஒரு புகார் வரும். இப்போதே சமாதானமாகச் சொல்லிவைக்கிறேன்.

இன்னொன்று. உத்தரவில் 18-வது பிரிவு பாதுகாப்பு உத்தரவும் இருக்கிறதா என்று பாருங்கள். அடிக்கக் கூடாது என்று இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள், அப்படியானால் இருக்கும். பாதுகாப்பு உத்தரவை மீறினால்தான் 31-வது பிரிவு வரும். ஒரு வருடம் வரை சிறை, 20,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். அதுவும் போலீஸ் நேரடியாக வழக்குப் பதியக்கூடிய, ஜாமீனில் விட முடியாத குற்றம். குடியிருப்பு உத்தரவு மட்டும் இருந்தால் எதிர்த்தரப்பு வக்கீல் "31 இங்கே பொருந்தாது" என்று வாதாட இடம் கிடைத்துவிடும்.

ஹைகோர்ட்டுக்குப் போகலாமா என்றால், மதுரைக் கிளையில் போலீஸ் பாதுகாப்பு கேட்டு மனுக்கள் வருகின்றன, உத்தரவும் போடுகிறார்கள். பெரும்பாலும் "மனுதாரர் கொடுத்த விண்ணப்பத்தைச் சட்டப்படி பரிசீலிக்க" என்றுதான் வரும். அதைக் கொண்டுபோனாலும் அதே எஸ்ஐ முன்னால்தான் நிற்க வேண்டும். மாஜிஸ்திரேட் தெளிவாக எழுதிய ஒரு வரி அதைவிட வேகமாக வேலை செய்யும்.

பழைய ஏட்டு

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கணுமே என்று எங்களைத்தான் சொல்வார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும். வக்கீல் சார் சொன்னது சரி, ஸ்டேஷன் பக்கத்து நியாயத்தையும் கேளுங்கள்.

1992-ல் சென்னை ஆயிரம் விளக்கில் முதல் மகளிர் காவல் நிலையம் வந்தபோது நான் வேலைக்குச் சேர்ந்த புதிது. அதிலிருந்து ரிடையர் ஆகிறவரை புருஷன் பெண்டாட்டி மனு பார்க்காத நாள் கம்மி. ஸ்டேஷன் இதில் தயங்குவதற்கு முக்கியக் காரணம் ஒன்றுதான். வீட்டுக்குள் கொண்டுபோய் விட்டால் "போலீஸ் வந்து சொத்தைப் பிடுங்கிக் கொடுத்தது" என்று மறுநாளே மேலே மனு போகும், பதில் எழுதுகிறவன் எஸ்ஐ. கோர்ட் காகிதத்தில் ஸ்டேஷன் பெயர் இருந்தால் அந்தப் பயம் போய்விடும். அதற்குப் பிறகு போகாமல் இருந்தால்தான் பயம். அந்த எஸ்ஐ உங்களுக்கு வழிதான் காட்டியிருக்கிறார், ஹைகோர்ட் என்று சொன்னது மட்டும் தப்பு.

தம்பி, மனுவில் சட்டம் ஒழுங்கு ஸ்டேஷன், மகளிர் ஸ்டேஷன் இரண்டையும் போடச் சொல்லுங்கள். ஒன்றை மட்டும் போட்டால் அவர்கள் இவர்களைக் காட்டுவார்கள், இவர்கள் அவர்களைக் காட்டுவார்கள், உங்களுக்கு ஆட்டோ செலவு. ஆர்டர் வந்ததும் போனில் போட்டோ எடுத்துக்கொண்டு போகாதீர்கள். கோர்ட் முத்திரை வைத்த நகல் வேண்டும். ஒரு கடிதம் எழுதி அதோடு நகலை வைத்து ஸ்டேஷனில் கொடுத்து, உங்கள் பிரதியில் தேதியோடு சீல் வாங்குங்கள். வாங்க மாட்டேன் என்றால் அன்றைக்கே பதிவுத் தபாலில் இன்ஸ்பெக்டருக்கும் கமிஷனர் ஆபீசுக்கும். அந்தத் தபால் ரசீதுதான் பின்னால் பேசும்.

எந்த நாளில் போகிறீர்கள் என்பதும் முக்கியம். முகூர்த்த நாள், திருவிழா, தலைவர் யாராவது வருகிற நாள் என்றால் ஸ்டேஷனில் ஆள் இருக்காது, எல்லோரும் பந்தோபஸ்து. சித்திரைத் திருவிழா சமயத்தில் போய் ரெண்டு மகளிர் போலீஸ் கேட்டால் யாரைக் கொடுப்பார்கள்? காலை பத்து மணிக்குள் போங்கள். சாயங்காலம் ஆறு மணிக்குமேல் பிள்ளையோடு போய் நிற்காதீர்கள்.

பாதுகாப்பு என்றால் வாசலில் இரவும் பகலும் ஆள் நிற்பார்கள் என்று நினைக்க வேண்டாம். கொண்டுபோய் விடுவார்கள், எதிர்த்தரப்பைக் கூப்பிட்டு எழுதி வாங்குவார்கள், ரோந்துக்காரரை ரெண்டு நாளைக்கு எட்டிப் பார்க்கச் சொல்வார்கள். அவ்வளவுதான் கிடைக்கும். அது போதுமா என்பதை அக்கா யோசிக்கட்டும்.

கணக்குப்பிள்ளை

ஒரு சந்தேகம், யாரும் அடிக்க வராதீர்கள். வீடு மாமியார் பெயரில். மகன் குடிகாரன் என்பதற்காக அந்த அம்மா சொந்த வீட்டில் நிம்மதி இழக்க வேண்டுமா? என் அம்மாவுக்கு 71 வயது, அண்ணன் சண்டையில் அவர் பட்ட பாடு எனக்குத் தெரியும். மூத்த குடிமக்கள் சட்டம் என்று ஒன்று இருக்கிறதே?

கறுப்புக்கோட்டு

நியாயமான கேள்வி. 2006 டிசம்பரில் பத்ரா வழக்கில் உச்ச நீதிமன்றம் நீங்கள் சொன்ன மாதிரிதான் சொன்னது, மாமியார் பெயரில் உள்ள வீட்டில் மருமகள் உரிமை கேட்க முடியாது என்று. 2020 அக்டோபரில் சதீஷ் சந்தர் அஹூஜா வழக்கில் அது சரியல்ல என்று மாற்றிவிட்டார்கள். கணவரின் உறவினர் பெயரில் இருந்தாலும், அங்கே அவள் நிரந்தரமாகக் குடும்பம் நடத்தியிருந்தால் அது சட்டம் சொல்கிற பகிர்ந்து வாழ்ந்த வீடுதான், அங்கே குடியிருக்க அவள் உரிமை கேட்கலாம். விருந்துக்கு வந்து நாலு நாள் தங்கியது கணக்கில் வராது. அதே தீர்ப்பில் இந்த உரிமை என்றைக்கும் அசையாத உரிமை இல்லை, மாமனார் மாமியார் அமைதியாக வாழ்வதையும் கோர்ட் எடைபோட வேண்டும் என்றும் இருக்கிறது. அதை யாரும் வாட்ஸ்அப்பில் அனுப்புவதில்லை.

2007 மூத்த குடிமக்கள் சட்டத்தைப் பற்றி, 2020 டிசம்பரில் வனிதா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்தச் சட்டத்தைக் காட்டி மட்டும் மருமகளைச் சுருக்கமாக வெளியேற்றிவிட முடியாது, இரண்டு சட்டத்தையும் ஒத்துப்போகிற மாதிரிதான் படிக்க வேண்டும் என்று.

உங்கள் அம்மா மாதிரியானவர்களுக்கு ஒரு காப்பும் இருக்கிறது. 19-வது பிரிவில் எதிர்மனுதாரரை வீட்டைவிட்டு வெளியேறச் சொல்ல கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு, ஆனால் பெண்ணை அப்படி வெளியேற்ற முடியாது என்று அங்கேயே நிபந்தனை. மாமியார் வெளியே போக வேண்டியதே இல்லை. மகன் போக வேண்டி வரலாம். 2022-ல் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ஆர்.என்.மஞ்சுளா ஒரு வழக்கில் கணவரை வீட்டைவிட்டுப் போகச் சொன்னார். தொந்தரவு செய்யாமல் அதே வீட்டில் இரு என்று சொல்வது நடக்கிற காரியமா, அணுகுண்டுக்குப் பயப்படுகிறவருக்கு அந்தக் குண்டை அப்புறப்படுத்துவதுதானே நிவாரணம் என்கிற பொருளில் எழுதியிருந்தார். ஒரே வீட்டில் இருக்கவே முடியாது என்றால் அதே தரத்தில் வேறு வீடு பார்த்துக் கொடு, அல்லது வாடகை கொடு என்றும் கேட்கலாம். வைகைக்கரை, இதையும் அக்காவிடம் சொல்லுங்கள். பல பேர் உத்தரவு வாங்கியபிறகுதான் அந்த வீட்டுக்குத் திரும்பிப் போக விருப்பமா என்றே யோசிக்கிறார்கள்.

செவ்வந்தி

நான் அப்படி ஆர்டரோடு திரும்பிப் போய்ப் பதினான்கு மாதம் இருந்தவள். சட்டம் எனக்குத் தெரியாது, இருந்து பார்த்ததைச் சொல்கிறேன்.

என் ஆர்டரில் "வீட்டில் வசிக்க" என்று மட்டும் இருந்தது. போலீஸ் கொண்டுபோய் விட்டது, கதவும் திறந்தது. ஆனால் எனக்குக் கிடைத்தது ஹாலில் ஒரு மூலை. பெட்ரூம் பூட்டு, சமையல்கட்டு பூட்டு, மாடிக் குழாய்க்குப் போகிற கதவும் பூட்டு. போலீசைக் கூப்பிட்டால், "வீட்டுக்குள்ளதானேம்மா இருக்கீங்க, ஆர்டர்ல அவ்ளோதான் இருக்கு" என்றார்கள். அதுவும் சரிதானே. மறுபடி வாய்தா, மறுபடி மனு. அதனால் அக்கா கேஸில் எந்த ரூம், சமையல்கட்டு, பாத்ரூம், தண்ணீர், கரண்ட், வண்டி நிறுத்துகிற இடம் எல்லாம் ஒவ்வொன்றாக எழுதிக் கேளுங்கள். கேவலமாக இருக்கும், பாத்ரூமைப் பற்றி ஜட்ஜ் முன்னால் எழுதுவதா என்று. எழுதுங்கள்.

அப்புறம், போகிற அன்றைக்குப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகாதீர்கள். என் மகன் போலீஸ் ஜீப்பில் ஏறி வீட்டுக்கு வந்ததைப் பள்ளிக்கூடத்தில் ஒரு பெண் கேட்டுவிட்டாள் என்று மூன்று நாள் சாப்பிடவில்லை. முதலில் நீங்கள் போய், ரூமைக் கூட்டி, அடுப்பைப் பற்றவைத்து, ஒரு நாள் கழித்துப் பிள்ளையை அழைத்து வாருங்கள். பீரோவைத் திறப்பதற்கு முன்னால் போலீஸ் முன்னிலையில் என்னென்ன இருக்கிறது என்று எழுதி இருவரும் கையெழுத்துப் போட்டுவிடுங்கள், இல்லையென்றால் காணாமல் போன பித்தளை அண்டாவுக்கெல்லாம் நீங்கள் பதில் சொல்ல வேண்டும். எனக்கு நிஜமாகவே ஒரு அண்டா.

பெண்கள் உதவி எண் 181-ஐ போனில் சேமித்து வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள், அவசர உதவி எண் 112-ஐயும். ராத்திரி ஒன்றரை மணிக்கு வக்கீல் எடுக்க மாட்டார்.

வைகைக்கரை

பதினெட்டு நாள் கழித்து எழுதுகிறேன். வக்கீலம்மா வந்ததும் 19(5)-ஐக் காட்டினேன், "அதை நான் கேட்டிருக்கணும்" என்று அவரே ஒத்துக்கொண்டார். மனு போட்டு இரண்டு வாய்தா. மாஜிஸ்திரேட் இரண்டு ஸ்டேஷனையும் பெயர் சொல்லி எழுதினார். பூட்டை உடைக்க அனுமதியும், பாதுகாப்பு அலுவலர் கூட இருக்க வேண்டும் என்பதும் இருக்கிறது. செவ்வந்தி அக்கா சொன்னபடி ரூம், சமையல்கட்டு, தண்ணீர் எல்லாம் எழுதி வாங்கினோம். ஏட்டய்யா சொன்னபடி முகூர்த்தம் இல்லாத புதன்கிழமை, காலை ஒன்பதரை மணிக்குப் போனோம், பிள்ளையை அம்மாவிடம் விட்டுவிட்டு.

அதே எஸ்ஐதான். காகிதத்தைப் பார்த்தார், ஸ்டேஷன் பெயர் இருக்கிற வரியில் விரலை வைத்து ஒரு முறை படித்தார், ஒரு போன் போட்டார். நாங்கள் இரண்டு மகளிர் போலீசோடு வீட்டுக்குப் போய்ச் சேருவதற்குள் பூட்டு கழற்றிக் கேட்டு திறந்து கிடந்தது. உடைக்க வேண்டிய வேலையே இல்லை. மாமியார் மாடிப்படியில் உட்கார்ந்திருந்தார், ஒன்றும் பேசவில்லை. அக்கா உள்ளே போய் முதலில் அந்த டிராயிங் நோட்டைத் தேடி எடுத்தாள். பீரோ சாமான் பட்டியல் எழுதவே ஒன்றரை மணி நேரம் ஆனது.

நேற்று ராத்திரியிலிருந்து கீழ் போர்ஷனுக்கு மட்டும் கரண்ட் இல்லை. மாடியில் எரிகிறது. ஃபியூஸ் கட்டையைக் காணோம். மீட்டர் பெட்டி மாடிப்படிக்கு அடியில், மாமியார் கதவுக்குப் பக்கத்தில். இதற்கும் ஸ்டேஷனுக்குப் போகலாமா, அல்லது சின்ன விஷயம் என்று சொல்வார்களா?

கறுப்புக்கோட்டு

சின்ன விஷயம் இல்லை. வீட்டில் அவளுக்கு அனுபவிக்க உரிமையுள்ள வசதிகளைத் தடுப்பது அந்தச் சட்டத்தின் 3-வது பிரிவில் பொருளாதார வன்முறைக்குள் வருகிறது, தவிர உங்கள் உத்தரவிலேயே கரண்ட் எழுதியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இன்றைக்கே பாதுகாப்பு அலுவலருக்கு எழுத்தில் கொடுங்கள், எத்தனை மணியிலிருந்து இல்லை என்று நேரத்தோடு, அக்கா கையெழுத்தோடு. ஃபியூஸ் இல்லாத மீட்டர் பெட்டியையும் மாடியில் எரிகிற லைட்டையும் ஒரே போட்டோவில் வருகிற மாதிரி எடுங்கள். ஸ்டேஷனுக்கு ஒரு நகல்.

வைகைக்கரை

உத்தரவில் கரண்ட் இல்லை சார். தண்ணீர் எழுதினோம், ரூம் எழுதினோம், கரண்டை விட்டுவிட்டோம்.

செவ்வந்தி

நான் லிஸ்ட்டில் சொல்லியிருந்தேனே தம்பி.

பழைய ஏட்டு

சரி விடுங்கள். ஏழு மணிக்கு முன்னால் ஒரு எலக்ட்ரீஷியனைக் கூட்டிக்கொண்டு ஸ்டேஷன் வழியாக வீட்டுக்குப் போங்கள். அந்த எஸ்ஐ இன்னொரு போன் போடுவார். மனு நாளைக்குப் போடலாம், பிள்ளை இன்றைக்கு இருட்டில் தூங்க வேண்டாம்.